லாங் பஜார் அச்சகமும் விண்டோஸ் எக்ஸ்பியும்

வாசகர் கேள்வி – பதில்: கணினி

விண்டோஸ் 10-க்கு மைக்ரோசாஃப்ட் கொடுத்துவந்த ஆதரவு 2025 அக்டோபர் 14-ஆம் தேதியோடு முடிந்தது. அதற்கப்புறம் வேலூர், ராணிப்பேட்டை, திருப்பத்தூர் மூன்று மாவட்டங்களிலிருந்தும் வருகிற கடிதங்கள் பெரும்பாலும் ஒரே விஷயத்தைத்தான் சுற்றுகின்றன. புது கம்ப்யூட்டர் வாங்கியாகிவிட்டது, பழைய வேலையை அதில் எப்படி ஓட்டுவது? ஒரு விண்டோஸுக்குள் இன்னொரு விண்டோஸை ஓட்டலாம் என்கிறார்களே, உண்மையா? அதனால் இந்த இதழ் முழுக்க வர்ச்சுவல் மெஷின் பற்றியே எழுதிவிடுகிறேன். பெயரைப் போட வேண்டாம் என்று பலர் கேட்டிருந்ததால் ஊரை மட்டும் குறிப்பிட்டிருக்கிறேன்.

கேள்வி (வேலூர், லாங் பஜார்): அக்கா, அப்பா காலத்திலிருந்து அச்சகம் நடத்துகிறோம். கல்யாணப் பத்திரிகை, நோட்டீஸ், பில் புக் எல்லாம் பழைய பென்டியம் 4 மெஷினில் விண்டோஸ் எக்ஸ்பி, பக்கம் அமைக்கிற பேஜ்மேக்கர் 7 வைத்து அடித்துக்கொண்டிருந்தோம். போன மாதம் போர்டு போய்விட்டது. புதிதாக விண்டோஸ் 11 மெஷின் வாங்கினோம். பழைய கோப்புகள் எதுவும் திறக்கவில்லை, தமிழ் எழுத்தும் வரவில்லை. வைகாசி முகூர்த்தம் வருகிறது. எல்லாவற்றையும் திரும்ப அடிக்கத்தான் வேண்டுமா?

பதில்: வேண்டாம் தம்பி. சத்துவாச்சாரியில் சர்வீஸ் கடை போடுவதற்கு முன்னால் நானும் தோட்டப்பாளையத்தில் ஓர் அச்சகத்தில் டிடிபி, அதாவது கம்ப்யூட்டரில் பக்கம் அமைக்கும் வேலை பார்த்தவள். ஒரு பத்திரிகையில் வரிகளை நடுவில் நிறுத்தி, இரண்டு பக்கத்துப் பெரியவர்கள் பெயரையும் ஒரே உயரத்தில் கொண்டுவந்து நிறுத்த எவ்வளவு நேரம் ஆகும் என்பது எனக்குத் தெரியும். அப்படிச் செய்த கோப்புகள் உங்கள் பழைய ஹார்ட் டிஸ்க்கில் அப்படியே இருக்கின்றன. போனது போர்டு மட்டும்தான். அந்த டிஸ்க்கை யாரும் ஃபார்மேட் செய்துவிடாமல் முதலில் எடுத்துப் பத்திரப்படுத்துங்கள்.

வர்ச்சுவல் மெஷின் என்பது, பெரிய வீட்டில் ஒரு போர்ஷனைத் தடுத்து வாடகைக்கு விடுவது மாதிரி. உங்கள் புது மெஷினின் மெமரியில் கொஞ்சம், டிஸ்க்கில் கொஞ்சம், பிராசசரில் கொஞ்சம் பிரித்துக் கொடுத்தால், அதற்குள் எக்ஸ்பி தனக்கென்று ஒரு கம்ப்யூட்டர் இருப்பதாக நினைத்து ஓடும். அதற்கென்று ஒரு பயாஸ் (மெஷினை ஆன் செய்ததும் முதலில் ஓடும் அடிப்படை மென்பொருள்), ஒரு டிஸ்க், ஒரு திரை எல்லாம் உண்டு, எல்லாமே மென்பொருளால் ஆனவை. வெளியே இருக்கும் விண்டோஸ் 11-க்கு ஹோஸ்ட் என்றும், உள்ளே ஓடும் எக்ஸ்பிக்கு கெஸ்ட் என்றும் பெயர். இனி நான் விஎம் என்று சுருக்கியே எழுதுகிறேன்.

உங்கள் வேலைக்கு ஆரக்கிளின் வர்ச்சுவல்பாக்ஸ் போதும். அதன் அடிப்படைத் தொகுப்பு திறமூல மென்பொருள், கடையில் வியாபாரத்துக்கே வைத்தாலும் காசு இல்லை. அதோடு எக்ஸ்டென்ஷன் பேக் என்று தனியாக ஒன்று தருவார்கள். அது சொந்த உபயோகத்துக்கும் படிப்புக்கும்தான் இலவசம், வியாபாரத்துக்கு உரிமம் வாங்க வேண்டும். உங்களுக்கு அது தேவையே இல்லை, ஏற்றாதீர்கள்.

புது விஎம் உருவாக்கும்போது விண்டோஸ் எக்ஸ்பி 32 பிட் என்று தேர்ந்தெடுங்கள். மெமரி 1 ஜிபி கொடுத்தால் எக்ஸ்பிக்குத் தாராளம். டிஸ்க் 20 ஜிபி போதும். டிஸ்க் கன்ட்ரோலர் ஐடிஇ என்றே இருக்கட்டும், அது டிஸ்க்கை இணைக்கும் பழைய முறை. புது முறையான சாட்டா என்று மாற்றினால் எக்ஸ்பியின் இன்ஸ்டாலருக்கு டிஸ்க்கே கண்ணில் படாது, ஏனென்றால் எக்ஸ்பி சிடியில் அதற்கான டிரைவர் கிடையாது. புது மெஷினில் சிடி டிரைவ் இல்லையென்றால், டிரைவ் உள்ள வேறொரு மெஷினில் உங்கள் எக்ஸ்பி சிடியையும் பேஜ்மேக்கர் சிடியையும் ஐஎஸ்ஓ கோப்பாக, அதாவது சிடியின் முழு நகலாக, எடுத்துக்கொண்டு வாருங்கள். விஎம் அதைச் சிடி என்றே எடுத்துக்கொள்ளும்.

உரிமம் பற்றி ஒன்று சொல்லிவிடுகிறேன். கேபினட்டில் ஒட்டி வந்த எக்ஸ்பி ஸ்டிக்கர் ஓஇஎம் உரிமம், அந்தப் பெட்டியோடு சேர்ந்தது. தனியாகக் கடையில் வாங்கிய ரீடெய்ல் சிடி உங்களிடம் இருந்தால் அதைத்தான் வேறு மெஷினுக்கு மாற்றலாம். அப்பாவின் அலமாரியில் தேடிப் பாருங்கள், பழைய அச்சகங்களில் பல நேரம் உறையோடு கிடைக்கும். நெட்டில் யாரோ ஏற்றிவைத்த, ‘ரெடிமேட்’ எக்ஸ்பியை மட்டும் இறக்காதீர்கள். உள்ளே வேறு என்ன வைத்திருக்கிறார்கள் என்று நமக்குத் தெரியாது.

சிலர் பழைய டிஸ்க்கை அப்படியே படியெடுத்து விஎம்மில் ஓட்டலாம் என்று சொல்லுவார்கள். முடியும்தான். ஆனால் பழைய போர்டுக்கு என்று ஏற்றிய டிரைவர்களோடு புது வன்பொருளில் எழும்போது எக்ஸ்பி நீலத் திரை காட்டி நின்றுவிடுவது சகஜம். முகூர்த்த நேரத்தில் அந்த மல்லுக்கட்டு வேண்டாம், புதிதாக நிறுவுங்கள். பழைய டிஸ்க்கிலிருந்து எடுக்க வேண்டியவை இரண்டுதான்: கோப்புகள், ஃபான்ட்டுகள். அந்தக் காலத்து டிஸ்க் பெரும்பாலும் ஐடிஇ, பின்னால் இரண்டு வரிசையாக 40 ஊசி இருக்கும், அகலப் பட்டைக் கேபிள் போகும். கடையில் யூஎஸ்பி கன்வெர்ட்டர் கேட்டால் சாட்டாவை எடுத்துக் கொடுப்பார்கள், அது பொருந்தாது. டிஸ்க்கையே கையில் கொண்டுபோய்க் காட்டி வாங்குங்கள். விண்டோஸ் ஃபோல்டருக்குள் இருக்கும் ஃபான்ட்ஸ் ஃபோல்டர் முழுவதையும் படியெடுங்கள். உங்கள் தமிழ் எழுத்து அத்தனையும் அதில்தான் இருக்கிறது.

எக்ஸ்பி ஏறியதும் முதல் வேலையாக, வர்ச்சுவல்பாக்ஸோடு வரும் கெஸ்ட் அடிஷன்ஸ் என்ற துணை மென்பொருளை உள்ளே நிறுவுங்கள். அது இல்லாமல் திரை குட்டியாகவே இருக்கும். அது ஏறினால்தான் ஹோஸ்ட்டில் உள்ள ஒரு ஃபோல்டரை எக்ஸ்பிக்குள் ஒரு டிரைவ் மாதிரி காட்ட முடியும், அதற்குப் பெயர் ஷேர்டு ஃபோல்டர். அப்புறம், விஎம்மின் செட்டிங்ஸில் நெட்வொர்க் என்ற இடத்துக்குப் போய், அடாப்டருக்கு எதிரே இருக்கும் டிக்கை எடுத்துவிடுங்கள். இதில் நான் கறாராக இருப்பேன். எக்ஸ்பிக்குப் பாதுகாப்புத் திருத்தங்கள் 2014 ஏப்ரல் 8-ஆம் தேதியோடு நின்றுபோயின. அதற்கு நெட் காட்டவே கூடாது. ஷேர்டு ஃபோல்டருக்கு நெட்வொர்க் தேவையில்லை, அது வேறு வழியாகப் போகிறது. ஆகவே நெட்டை அணைத்தாலும் கோப்புகளைக் கொண்டுபோய்க் கொண்டுவருவதில் ஒரு சிரமமும் இருக்காது.

தமிழ் மென்பொருளுக்கு யூஎஸ்பி பூட்டு (செருகினால்தான் மென்பொருள் ஓடும் குட்டிச் சாவி) வைத்திருந்தால், அதை மெஷினில் செருகி, மேலே டிவைசஸ் மெனுவில் யூஎஸ்பிக்குப் போய் அந்தப் பூட்டின் பெயரை டிக் செய்யுங்கள். அந்த நொடியே ஹோஸ்ட்டிலிருந்து மறைந்து எக்ஸ்பிக்குள் போய்விடும். செட்டிங்ஸில் யூஎஸ்பி 1.1 அல்லது 2.0 என்று வையுங்கள், எக்ஸ்பிக்கு 3.0 தெரியாது. பிரிண்டர் போர்ட்டில் மாட்டுகிற பழைய அகலப் பூட்டு என்றால் கதை வேறு. புது மெஷினில் அந்த வாயே கிடையாது. அந்தக் கம்பெனியிடம் யூஎஸ்பி பூட்டாக மாற்றித் தருவார்களா என்று கேட்பதுதான் வழி.

அச்சடிக்க, உங்கள் புது லேசர் பிரிண்டரை எக்ஸ்பிக்குள் இணைக்கப் பாடுபடாதீர்கள். இப்போது வருகிற பிரிண்டர்களுக்கு எக்ஸ்பி டிரைவர் கிடைப்பது அரிது. எக்ஸ்பிக்குள் ஒரு பிடிஎஃப் பிரிண்டரை நிறுவி, பேஜ்மேக்கரிலிருந்து ஃபான்ட்டோடு பிடிஎஃப் ஆக்கி, ஷேர்டு ஃபோல்டரில் போடுங்கள். அச்சு ஹோஸ்ட்டிலிருந்து போகட்டும். பிளேட் போடும் கடைக்கு அனுப்பவும் அதே பிடிஎஃப் ஆகும்.

எல்லாம் ஓடத் தொடங்கியதும், எக்ஸ்பியை முறையாக ஷட்டவுன் செய்துவிட்டு, அந்த விஎம் இருக்கும் ஃபோல்டரை முழுசாக ஒரு வெளி டிஸ்க்கில் படியெடுத்து வையுங்கள். இதற்காகத்தான் எனக்கு விஎம் என்றால் இவ்வளவு பிடிக்கும். நாளைக்கு இந்தப் புது மெஷினின் போர்டும் போகலாம். அப்போது வேறொரு மெஷினில் வர்ச்சுவல்பாக்ஸை ஏற்றி, அந்த ஃபோல்டரைத் திறந்தால், பேஜ்மேக்கர், ஃபான்ட், கீபோர்டு அமைப்பு எல்லாம் அதே இடத்தில் இருக்கும். மதியம் போனது சாயங்காலம் ஓடும்.

ஆனால் இதோடு நின்றுவிடாதீர்கள். பேஜ்மேக்கரின் கடைசிப் பதிப்பே 2001-இல் வந்த 7.0-தான், இனி ஒன்று வரப்போவதில்லை. முகூர்த்தம் முடிந்ததும் கொஞ்சம் கொஞ்சமாக எழுத்துகளை, எல்லா மெஷினிலும் ஒரே மாதிரி தெரிகிற யூனிகோடு முறைக்கு மாற்றுங்கள். பழைய தமிழ் ஃபான்ட்டுகள் ஆங்கில, ஐரோப்பிய எழுத்துகளின் இடத்தில் தமிழ் வடிவத்தை வைத்தவை. அதனால்தான் புது மெஷினில் திறந்தால் தலையில் புள்ளியும் கோடுமாக ஐரோப்பிய எழுத்துகள் தெரிகின்றன. என்எச்எம் கன்வெர்ட்டர் மாதிரியான இலவசக் கருவியில், உங்கள் ஃபான்ட் எந்த வகை என்று சரியாகத் தேர்ந்தெடுத்தால் அப்படியே மாறிவிடும். மாற்றியதும் பெயர்களை மட்டும் கண்ணால் ஒருமுறை படியுங்கள். ‘கௌரி’ என்பதில் ‘கௌ’வின் கடைசியில் வரும் குறியும் ‘ள’ என்ற எழுத்தும் பழைய ஃபான்ட்டில் ஒரே வடிவம். மாற்றும்போது ‘கெளரி’ ஆகிவிடும். திரையில் பார்த்தால் வித்தியாசமே தெரியாது, தேடினால் மட்டும் பெயர் அகப்படாது.

கேள்வி (காட்பாடி, பொறியியல் மாணவர்): லேப்டாப்பில் 8 ஜிபி ராம். லேப் பயிற்சிக்கு உபுண்டு லினக்ஸ் வேண்டும் என்றார்கள். வர்ச்சுவல்பாக்ஸில் ஸ்டார்ட் கொடுத்தாலே, வி.டி.எக்ஸ் பயாஸில் அணைக்கப்பட்டிருக்கிறது என்று பிழை வருகிறது. நண்பன் லேப்டாப்பில் ஓடுகிறது, ஆனால் நத்தையாக நகர்கிறது. ஏன்?

பதில்: உங்கள் பிழை எளிது. டாஸ்க் மேனேஜரில் பெர்ஃபாமன்ஸ் பக்கத்தில் சிபியு மேல் கிளிக் செய்து பாருங்கள். கீழே வர்ச்சுவலைசேஷன் என்பதற்கு நேராக டிஸேபிள்டு என்று இருக்கும். மெஷினை ரீஸ்டார்ட் செய்து, லேப்டாப்பைப் பொறுத்து எஃப்2, எஃப்10 அல்லது டெலீட் அழுத்தி பயாஸுக்குள் போங்கள். இன்டெல் என்றால் வர்ச்சுவலைசேஷன் டெக்னாலஜி, ஏஎம்டி என்றால் எஸ்விஎம் மோட். அதை எனேபிள் செய்து சேமித்துவிட்டு வாருங்கள், முடிந்தது.

இது ஏன் வேண்டும் என்பதையும் தெரிந்துகொள்ளுங்கள், படிக்கிற பிள்ளை. ஒரு கம்ப்யூட்டரைப் பல கம்ப்யூட்டராகக் காட்டும் வேலையை ஐபிஎம் 1960-களிலேயே தன் பெரிய மெஷின்களில் செய்துவிட்டது, 1972-இல் விஎம்/370 என்று வாடிக்கையாளர்களுக்கும் கொண்டுவந்தது. நம் பிசிக்களின் எக்ஸ்86 பிராசசரில் அது அவ்வளவு சுலபமாக இல்லை. கெஸ்ட் ஓஎஸ் செய்யக் கூடாத ஒரு கட்டளையைச் செய்தால், பிராசசர் உடனே அதைத் தடுத்து, மேலே இருக்கும் மென்பொருளிடம் சொல்ல வேண்டும். எக்ஸ்86-இல் சில கட்டளைகள் அப்படிச் சொல்லாமலே, சத்தமில்லாமல் வேறு மாதிரி நடந்துகொண்டன. 1999-இல் விஎம்வேர் தன் முதல் வொர்க்ஸ்டேஷன் மென்பொருளில் இதற்கு ஒரு வழி கண்டது: கெஸ்ட்டின் கட்டளைகளை ஓடும்போதே படித்து, ஆபத்தானவற்றை மட்டும் மாற்றி எழுதி ஓட்டியது. அசாத்தியமான வேலை அது. பிறகு 2005-இல் இன்டெல்லும் 2006-இல் ஏஎம்டியும் பிராசசருக்குள்ளேயே கெஸ்ட்டுக்கென்று தனி நிலை வைத்தார்கள். நீங்கள் பயாஸில் திறந்துவிடுவது அதைத்தான். வர்ச்சுவல்பாக்ஸ் 6.1 பதிப்பிலிருந்து பழைய மென்பொருள் வழியை எடுத்துவிட்டார்கள், ஆகவே அந்த வசதி இல்லாமல் இப்போது எதுவும் ஓடாது.

உங்கள் நண்பரின் விஎம் ஜன்னலில், கீழே வலது மூலையைப் பார்க்கச் சொல்லுங்கள். பச்சை நிறத்தில் ஓர் ஆமைப் படம் இருந்தால், விண்டோஸோடு வரும் ஹைப்பர்-வி என்ற விஎம் வசதி ஏற்கெனவே அந்த வசதியைப் பிடித்துக்கொண்டு, வர்ச்சுவல்பாக்ஸ் அதன் மேல் ஏறி ஓடுகிறது என்று அர்த்தம். விண்டோஸ் செக்யூரிட்டியில் கோர் ஐசொலேஷன் என்ற பகுதியில் இருக்கும் மெமரி இன்டெக்ரிட்டி, விண்டோஸுக்குள்ளேயே லினக்ஸை ஓட்டும் டபிள்யூஎஸ்எல், இன்னும் சில வசதிகள் இதற்குக் காரணமாகும். மெமரி இன்டெக்ரிட்டியை அணைத்துவிடு என்று எங்கு பார்த்தாலும் சொல்லுவார்கள். நான் சொல்ல மாட்டேன். அது கள்ள டிரைவர்கள் விண்டோஸின் உயிர்நாடிக்குள் நுழையாமல் தடுக்கிற காவல். அதே லேப்டாப்பில் ஃபீஸ் கட்டுகிறீர்கள், பேங்க் பார்க்கிறீர்கள். லேப் பயிற்சிக்குக் கட்டளைகள் மட்டும்தான் வேண்டுமென்றால் டபிள்யூஎஸ்எல் 2-ஐ ஏற்றுங்கள். அதுவும் உள்ளுக்குள் ஒரு குட்டி விஎம்தான், ஹைப்பர்-வியோடு ஒத்துப்போகும், வேகமாகவும் இருக்கும். முழு டெஸ்க்டாப்பே வேண்டும் என்றால் உபுண்டுவுக்கு 4 ஜிபி ராம், இரண்டு கோர், 25 ஜிபி டிஸ்க் கொடுங்கள். அதற்கு மேல் கொடுத்தால் ஹோஸ்ட் மூச்சுத் திணறி, இரண்டுமே நிற்கும். விஎம் ஓடும்போது குரோமை மூடிவிடுவது நல்லது.

கேள்வி (ஆம்பூர், கணக்காளர்): தோல் மண்டியில் கணக்கு எழுதுகிறேன். விண்டோஸுக்கு முந்திய டாஸில், ஃபாக்ஸ்புரோ என்ற டேட்டாபேஸ் மென்பொருளில் எழுதிய புரோகிராம், எழுதிக் கொடுத்தவர் இப்போது இல்லை. பழைய பாக்கி எல்லாம் அதில்தான். விண்டோஸ் 11-இல் திறந்தால் இந்த மெஷினில் ஓடாது என்கிறது. பில் டாட் மேட்ரிக்ஸில் அடிக்க வேண்டும்.

பதில்: ஐயா, 64 பிட் விண்டோஸ் எதிலும் டாஸ் புரோகிராம் ஓடாது. அதற்கான பகுதியே அதில் கிடையாது. விண்டோஸ் 11-இல் 32 பிட் பதிப்பும் இல்லை. டாஸ்பாக்ஸ் என்று ஒன்று இருக்கிறது, விளையாட்டுகளுக்காகச் செய்தது. பலர் ஒரே கோப்பைத் திறக்கும் கணக்கு வேலைக்கு நான் அதை நம்ப மாட்டேன். மேலே லாங் பஜார் தம்பிக்குச் சொன்ன மாதிரியே 32 பிட் எக்ஸ்பி விஎம் வையுங்கள். கோப்பு அதிகம் திறந்துவிட்டதாகப் பிழை வந்தால், சிஸ்டம்32 ஃபோல்டரில் கான்ஃபிக் டாட் என்டி என்ற கோப்பைத் திறந்து ஃபைல்ஸ் என்ற எண்ணை 99 என்று கூட்டுங்கள்.

இரண்டு தொந்தரவு வரலாம். தொடங்கும்போதே பூஜ்யத்தால் வகுத்ததாகச் சொல்லி நின்றால், அது பழைய புரோகிராம் புது பிராசசரின் வேகத்தைத் தாங்காததால் வருவது. விஎம் பிராசசரின் வேகத்தைக் குறைத்துக் கொடுக்காது. ஃபாக்ஸ்புரோவுக்கு இதற்கென்றே திருத்தம் உண்டு, அதைப் போட்டுக்கொள்ளுங்கள். இன்னொன்று, டாஸ் புரோகிராம் சும்மா இருக்கும்போதும் ‘கீ அழுத்தினார்களா, அழுத்தினார்களா’ என்று கேட்டுக்கொண்டே இருக்கும். அதனால் ஒரு கோர் முழுவதும் ஓடிக்கொண்டே இருக்கும், ஃபேன் இரையும். நம் ஊரில் சித்திரை வெயில் 40 டிகிரியைத் தாண்டும்போது அதே சூட்டில் லேப்டாப்பை நாள் முழுக்க விடாதீர்கள். வேலை முடிந்தால் விஎம்மை மூடிவிடுங்கள்.

பிரிண்டருக்கு: விண்டோஸ் 11-இல் பிரிண்டரை ஷேர் செய்து எக்ஸ்பியிலிருந்து எடுக்கப் பார்க்காதீர்கள். நெட்வொர்க்கில் கோப்பு, பிரிண்டர் பகிர எக்ஸ்பிக்குத் தெரிந்த எஸ்எம்பி 1 என்ற பழைய முறை விண்டோஸ் 11-இல் அணைந்தே வருகிறது, பாதுகாப்பு காரணமாக அது அணைந்தே இருப்பதுதான் நல்லது. டாட் மேட்ரிக்ஸை யூஎஸ்பி வழியாக நேரே எக்ஸ்பிக்குள் கொடுங்கள். பழைய பிரிண்டர் என்றால் பேரலல்-யூஎஸ்பி கேபிள் ஒன்று போதும். எக்ஸ்பிக்குள்ளேயே அதை ஷேர் செய்து, நெட் யூஸ் கட்டளையால் எல்பிடி1-ஐ (டாஸ் அறிந்த பிரிண்டர் போர்ட்) அந்த ஷேருக்குக் கட்டிவிட்டால், புரோகிராம் வழக்கம்போல எல்பிடி1-க்கே அனுப்பும், தாளில் வரும். இதற்கு மட்டும் விஎம்முக்கு ஹோஸ்ட்-ஒன்லி என்ற நெட்வொர்க்கைக் கொடுங்கள். அது மெஷினை விட்டு வெளியே போகாது.

பாக்கிப் பட்டியலை ஃபாக்ஸ்புரோவின் டிபிஎஃப் கோப்பிலிருந்து எக்செலுக்கு எடுத்து வைப்பதையும் இந்த வருடமே முடித்துவிடுங்கள் ஐயா. எழுதியவர் இல்லாத புரோகிராமில் வியாபாரத்தின் வரவு செலவு முழுவதும் தொங்குவது எனக்குக் கவலையாக இருக்கிறது.

கேள்வி (ஆற்காடு): என் பிசி விண்டோஸ் 11-க்குத் தகுதி இல்லை என்கிறது. விண்டோஸ் 10-க்குள் விஎம் போட்டு அதில் 11 ஓட்டினால் பாதுகாப்பு கிடைக்குமா?

பதில்: கிடைக்காது. விண்டோஸ் 11 கேட்கும் டிபிஎம் 2.0 என்ற பாதுகாப்புச் சிப்பை வர்ச்சுவல்பாக்ஸ் 7.0-இலிருந்து மென்பொருளாகவே தருகிறது. எனவே 11 உள்ளே ஏறும். ஆனால் வெளியே காவல் இல்லாத விண்டோஸ் 10 இருக்கிறதே. ஹோஸ்ட்டில் புகுந்தவன் விஎம்மின் திரையைப் பார்ப்பான், நீங்கள் தட்டும் ஒவ்வொரு கீயையும் பிடிப்பான்.

இதைத் திருப்பிப் போடுங்கள். இப்போதைக்கு மைக்ரோசாஃப்ட்டின் நீட்டிப்புத் திட்டத்தில் பதிவு செய்தால் வீட்டு மெஷின்களுக்கு 2026 அக்டோபர் 13 வரை திருத்தங்கள் வரும். அதற்குள் மெஷினில் லினக்ஸ் மின்ட் மாதிரி ஒன்றை நேரடியாக ஏற்றப் பழகுங்கள். நெட், மெயில், பேங்க் எல்லாம் லினக்ஸில். விண்டோஸ் இல்லாமல் முடியாத ஒன்றிரண்டு வேலைகளுக்கு மட்டும் அதற்குள் விஎம்மில் விண்டோஸ், நெட் இல்லாமல். பாதுகாப்பானது வெளியே, பழையது உள்ளே. அதுதான் சரியான வரிசை.

கேள்வி (குடியாத்தம், ஆசிரியை): அரசு தந்த விலையில்லா மடிக்கணினி ஒன்று மகனுடையது சும்மா இருக்கிறது. அதில் விஎம் போட்டுப் பிள்ளைகளுக்கு லினக்ஸ் காட்டலாமா?

பதில்: அந்தத் திட்டம் 2011-இல் தொடங்கியது. முதல் சில வருடங்களில் வந்தவற்றில் என் கைக்கு வந்தவை பெரும்பாலும் 2 ஜிபி மெமரி. அதில் இரண்டு ஓஎஸ் ஓட்ட இடமில்லை டீச்சர். விஎம்மை மறந்துவிட்டு, எடை குறைந்த லினக்ஸ் ஒன்றை நேரடியாக நிறுவுங்கள். பழைய டிஸ்க்கை எடுத்துவிட்டு ஒரு எஸ்எஸ்டி போட்டால் பிள்ளைகள் காத்திருக்காமல் உட்கார்ந்து கற்றுக்கொள்வார்கள். தமிழ்99 விசைப்பலகையையும் அதிலேயே பழக்குங்கள், உங்களைப் போன்றவர்கள் பழக்கினால்தான் உண்டு.

கேள்வி (ராணிப்பேட்டை): சந்தேகமான இணைப்புகளை விஎம்மில் திறந்து பார்த்தால் மெஷினுக்கு ஒன்றும் ஆகாதுதானே?

பதில்: பெரும்பாலும் ஆகாது, ஆனால் நீங்களே கதவு திறந்து வைத்திருக்கக் கூடாது. ஷேர்டு ஃபோல்டர் இணைந்திருந்தால், உள்ளே வந்த ரேன்சம்வேர் (கோப்புகளைப் பூட்டிப் பணம் கேட்கும் வைரஸ்) அந்த ஃபோல்டரையும் பூட்டிவிடும். கிளிப்போர்டைப் பகிர்ந்திருந்தால் ஹோஸ்ட்டில் நீங்கள் காப்பி செய்த பாஸ்வேர்டு உள்ளே தெரியும். நெட்வொர்க்கை பிரிட்ஜ்டு என்று வைத்திருந்தால் வீட்டில் உள்ள மற்ற மெஷின்களும் கைக்கு எட்டும். மூன்றையும் அணைத்து, விஎம்மின் அப்போதைய நிலையை அப்படியே சேமிக்கும் ஸ்னாப்ஷாட் ஒன்றை எடுத்துவிட்டு, பார்த்து முடித்ததும் அந்த ஸ்னாப்ஷாட்டுக்கே திரும்பிவிடுங்கள். பார்சல் வந்திருக்கிறது, கரண்ட் பில் பாக்கி என்று வருகிற இணைப்புகளை எந்த மெஷினிலும் திறக்க வேண்டிய அவசியமே இல்லை, அழித்துவிடுங்கள்.

கேள்வி (பாகாயம், மாணவி): என்னிடம் எம் வகை சிப் உள்ள மேக்புக். ஆன்லைன் தேர்வு மென்பொருள் விண்டோஸில் மட்டும்தானாம். விஎம் போடலாமா?

பதில்: உங்கள் சிப் வகைக்கான விண்டோஸ் 11-இன் ஆர்ம் பதிப்பை, மேக்குக்கான விஎம் மென்பொருளான பேரலல்ஸில் ஓட்டலாம், 2023-இல் மைக்ரோசாஃப்ட்டே அதற்கு ஒப்புதல் தந்திருக்கிறது. ஆனால் தேர்வு மென்பொருள்கள் பல, தாங்கள் விஎம்முக்குள் இருப்பதைக் கண்டுபிடித்துத் திறக்க மறுக்கும். தேர்வு நாளில் அது தெரிய வரக் கூடாதம்மா. யாரிடமாவது ஒரு விண்டோஸ் லேப்டாப் இரவல் வாங்குங்கள்.

கேள்வி (திருப்பத்தூர்): விஎம்முக்கு 80 ஜிபி டிஸ்க் கொடுத்தேன். உள்ளே பாதியை அழித்த பிறகும் வெளியே கோப்பு 70 ஜிபியாகவே நிற்கிறது. ஸ்னாப்ஷாட்டும் நிறைய இருக்கிறது. நேராகக் கோப்புகளை அழிக்கலாமா?

பதில்: கையால் எதையும் அழிக்காதீர்கள். ஒவ்வொரு ஸ்னாப்ஷாட்டும் அதற்கு முந்தையதைச் சார்ந்து நிற்கும் தனிக் கோப்பு. நடுவில் ஒன்றை எடுத்தால் அதற்குப் பின்னால் சேர்ந்ததெல்லாம் போய்விடும். வர்ச்சுவல்பாக்ஸின் ஸ்னாப்ஷாட் பட்டியலுக்குப் போய், அங்கிருந்து டெலீட் கொடுத்தால் அதுவே ஒன்றோடொன்று சேர்த்துவிடும். நேரம் பிடிக்கும். அந்த நேரத்தில் கரண்ட் போனால் டிஸ்க் கெட வாய்ப்பு உண்டு, யூபிஎஸ் இல்லாமல் தொடங்காதீர்கள். சேர்க்கும்போது ஹோஸ்ட்டில் கூடுதல் இடமும் வேண்டும்.

தானாக வளரும் டிஸ்க் தானாகச் சுருங்காது. ஸ்னாப்ஷாட்டுகள் போனதும், விஎம்மில் இருப்பது விண்டோஸ் என்றால் மைக்ரோசாஃப்ட்டின் எஸ்டெலீட் கருவியால் காலி இடத்தைப் பூஜ்யத்தால் நிரப்புங்கள். அப்போது கோப்பு முழு 80-க்கும் போய்விடும், பயப்படாதீர்கள். விஎம்மை ஷட்டவுன் செய்துவிட்டு, வர்ச்சுவல்பாக்ஸின் காம்பேக்ட் கட்டளையைக் கொடுத்தால் இறங்கிவிடும். இத்தனையும் தொடங்குவதற்கு முன் ஃபோல்டரை வெளி டிஸ்க்கில் ஒரு படி எடுத்துவிடுங்கள்.